திருஷ்டிச் செருப்பு

ஆகஸ்ட் 20, புதன்

வக்கீல் தேவசகாயம் சொன்னதால் எழுதுகிறேன். "நடந்ததைத் தேதி போட்டு எழுதி வைங்கம்மா. கோர்ட்டுல கேக்கும்போது முன்னுக்குப் பின் முரணா வந்துரக் கூடாது. உங்களுக்குத் தெரிஞ்சதை மட்டும் எழுதுங்க" என்றார். வீட்டில் புது நோட்டு இல்லை. சத்துணவுக் கூடத்துப் பழைய முட்டைப் பதிவேட்டில் பின்பக்கம் நாற்பது தாள் எழுதாமல் கிடந்தது. பதினெட்டு வருடமாகச் சத்துணவு அமைப்பாளராக இருப்பவளுக்குப் பதிவேடு எழுத யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

என் பெயர் ஜெயக்கொடி. வயது நாற்பத்தெட்டு. கணவர் இறந்து ஏழு வருடம். மகள் கோயம்புத்தூரில் நர்ஸ். எனக்கென்று இருப்பது இந்த வேலையும் இரண்டு ஏக்கரும் ஒரு டிராக்டரும்தான். பெண்களுக்கு மானியம் கூடுதல் என்று என் பெயரிலேயே எடுத்த வண்டி. ஆறு வருடமாகக் காளிராஜ் ஓட்டுகிறான். சுற்றுப்பட்டு நாலு ஊருக்கு எங்கள் உழவுதான். புரட்டாசியில் மழை விழுந்துவிட்டால் மூச்சுவிட நேரமிருக்காது.

திங்கட்கிழமை காலை ஆறு மணி வாக்கில் வைப்பாற்றுப் பாலத்துக்குப் பக்கத்தில் போலீஸ் எங்கள் வண்டியைப் பிடித்துவிட்டது. டிரெய்லரில் ஆற்று மணல். அதற்கு மேல் ஒரு சாண் உயரத்துக்குக் கண்மாய்க் கரம்பை வண்டலைப் பரப்பி மூடியிருந்ததாம். என் வயலுக்குக் கரம்பை அள்ளிக்கொள்ளத் தாசில்தார் கொடுத்த அனுமதிச் சீட்டு வண்டியில் இருந்தது. அந்தச் சீட்டைக் காட்டி மணலைக் கொண்டுவந்துவிடலாம் என்று காளிராஜ் நினைத்திருக்கிறான். கரம்பை தண்ணீரைப் பிடித்து வைத்துக்கொள்ளும், மணல் வைத்துக்கொள்ளாது. பின்கதவு இடுக்கு வழியாகச் சொட்டுச் சொட்டாக வடிந்து, ஆற்றிலிருந்து தார் ரோடு நெடுக ஈரக்கோடு. ரோந்து வந்த இரண்டு போலீஸ்காரர்கள் அந்தக் கோட்டைப் பார்த்துக்கொண்டே பைக்கில் வந்து மறித்துவிட்டார்கள்.

கேள்விப்பட்டதும் எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. அப்போது நான் வீட்டில் காப்பி போட்டுக்கொண்டிருந்தேன்.

எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்.

ஆகஸ்ட் 21, வியாழன்

பிள்ளைகள் 62. முட்டை 62. காஸ் தீர்ந்துவிட்டதால் நாலு நாளாக விறகடுப்பு. "திங்கக்கெழமை அடுப்புல ரப்பர் நாத்தம் அடிச்சதே, இன்னும் சட்டியில இருக்கு" என்று சமையல்காரி பேச்சியம்மா முனகினாள். விறகோடு ஏதாவது சேர்ந்து வந்திருக்கும் என்றேன். இவளுக்கு மூக்கு மட்டும் நாய் மூக்கு, உப்புப் போட்டோமா என்பது மட்டும் மறந்துபோகும்.

சாப்பாடு முடிந்ததும் ஸ்டேஷனுக்குப் போனேன். வேப்பமரத்தடியில் துருப்பிடித்த வேன்களுக்கும் ஆட்டோக்களுக்கும் நடுவில் என் டிராக்டர் நின்றது. போன மாதம்தான் புது டயர் மாற்றியது. டிரெய்லரில் மணலும் கரம்பையும் அப்படியே இருந்தன. வழக்குச் சொத்தாம், ஒரு சட்டி மண்ணைக்கூடத் தொடக்கூடாதாம்.

ஏட்டையா பெஞ்சில் உட்காரச் சொன்னார். நல்ல மனிதர், அவர் மகள் எங்கள் பள்ளிக்கூடத்தில் படித்தவள். சத்துணவு அமைப்பாளரானாலும் ஊருக்கு நான் டீச்சர்தான்.

"ஒங்க டிரைவர் மாதிரி ஒரு ஆள நான் பாத்ததே இல்ல டீச்சர். மணல் வண்டிக்காரன் எங்க தொப்பியப் பாத்தாலே குதிச்சு ஓடிருவான். நாங்களும் வண்டியப் புடிச்சமா, அடையாளம் தெரியாத நபர்னு எழுதுனமான்னு போயிருவோம். இந்தாளு இறங்கி வந்து நடு ரோட்டுல கைய விரிச்சுக்கிட்டு நிக்காரு. ஏதோ எங்கள வழிமறிக்க வந்தவரு மாதிரி. கைது பண்ணாம என்ன செய்ய?"

"இப்ப அவன் எங்க?"

"சப்-ஜெயில்ல."

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. அன்றைக்கு மாலையே விட்டிருப்பார்கள் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன். "ஒரு லோடு மணலுக்கா ஜெயிலு?" என்றேன்.

"மணல் அரசாங்கத்துச் சொத்து டீச்சர். திருட்டு கேசு, கூட கனிமச் சட்டம். ஸ்டேஷன் ஜாமீன் கெடையாது."

ஓடித் தொலைத்திருக்க வேண்டியதுதானே! ஊரில் எத்தனை டிரைவர்கள் ஓடியிருக்கிறார்கள். அது அந்தத் தொழிலில் ஒரு வழக்கம் மாதிரி. போலீசும் எதிர்பார்ப்பதுதான். இவன் மட்டும் கல்லுப்பிள்ளையார் மாதிரி நின்று, வழக்கையும் இவ்வளவு பெரிதாக்கிவிட்டான். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை.

இடது கால் வலிக்கிறது. விறகு அடுக்கும்போது முள் குத்தியிருக்கும்.

ஆகஸ்ட் 23, சனி

வக்கீல் ஆபீஸ். வண்டியைத் திருப்பிக் கேட்கும் மனு தயார். வக்கீல் வாசித்துக் காட்டினார். 'மேற்படி வாகனத்தை அதன் ஓட்டுநர், மனுதாரரின் அனுமதியின்றியும் அறிவுக்கு எட்டாமலும், தன் சொந்த ஆதாயத்துக்காகப் பயன்படுத்தியிருக்கிறார்.'

"சொந்த ஆதாயமா?" என்றேன்.

"எல்லா மனுவுலயும் இந்த வரி இருக்கும்மா. ஓனருக்குத் தெரிஞ்சே வண்டி போச்சுன்னா ஓனரும் குற்றவாளி. அப்புறம் வண்டிய யார் கேக்குறது? உங்களுக்கு இன்னொன்னும் இருக்கு. எஃப்.ஐ.ஆர்.ல உங்க பேரு ஏறுச்சுன்னா அன்னைக்கே சஸ்பெண்டு. சத்துணவு வேலை போயிரும்."

அடியில் சத்தியப் பிரமாணம். மேலே உள்ளவை யாவும் உண்மை என்று என் கையெழுத்து. 'ஜெயக்கொடி' என்று எழுதும்போது கொம்பு சரியாக விழவில்லை. அவர் வேறு தாள் கொடுத்தார். இரண்டாவது தடவை சரியாக வந்தது.

ஆகஸ்ட் 26, செவ்வாய்

கால் வீங்கிவிட்டது. மஞ்சள் பற்றுப் போட்டிருக்கிறேன். பிள்ளைகள் 60.

ஆகஸ்ட் 29, வெள்ளி

மனு திரும்பி வந்துவிட்டது. கனிமச் சட்டம் சேர்ந்த வழக்கில் வண்டியைக் கொடுக்கும் அதிகாரம் இந்தக் கோர்ட்டுக்கு இல்லை, மாவட்டத் தலைநகரில் உள்ள சிறப்புக் கோர்ட்டுக்குப் போ என்று எழுதி அனுப்பிவிட்டார்கள். ஆறு நாள் காத்திருந்தது இந்த ஒரு வரிக்காக. வக்கீல் கொஞ்சமும் அசரவில்லை. "எப்பவும் இப்படித்தாம்மா" என்கிறார். எது நடந்தாலும் இவருக்கு எப்பவும் இப்படித்தான்.

அங்கே போலீஸ் அறிக்கை, வருவாய்த்துறை அறிக்கை இரண்டும் வந்த பிறகுதான் விசாரணையாம். எப்போது என்றேன். சில வண்டி ஆறு மாதம் கிடந்திருக்கிறது, சிலது அங்கேயே மக்கிப்போனதும் உண்டு என்றார். நான் தண்ணீர் கேட்டு வாங்கிக் குடித்தேன்.

செப்டம்பர் 1, திங்கள்

காளிராஜ் பெண்டாட்டி மாரீஸ்வரி வந்தாள். தூரத்தில் அவளைப் பார்த்ததுமே பகீரென்றது. வாசலில் மண்ணை வாரித் தூற்றப் போகிறாள் என்று நினைத்தேன். அவள் அப்படி ஒன்றும் செய்யவில்லை. வண்டியின் டூல் பாக்ஸில் அவனுடைய தூக்குவாளி இருக்கிறதாம், எடுத்துத் தர முடியுமா என்று கேட்க வந்திருக்கிறாள்.

காப்பி கொடுத்தேன். குடித்துக்கொண்டே அவளாகச் சொல்ல ஆரம்பித்தாள்.

"மக்காநாளு என்னையும் ஸ்டேஷனுக்குக் கூப்பிட்டு விட்டாக மதினி. வண்டி புடிச்ச எடத்துல ஒரு பொம்பளச் செருப்பு கெடந்துச்சாம். ஒத்தச் செருப்பு. யாரோ ஒரு பொம்பள கூட வந்திருக்கா, யாருன்னு சொல்லுன்னு அவுகளப் போட்டு உருட்டியிருக்காக. அது வண்டிக்குப் பின்னால திருஷ்டிக்குக் கட்டுன செருப்பு, அறுந்து விழுந்திருக்கும்னு சொல்லியிருக்காக. நம்பாம என்னையக் கூப்பிட்டு, காலுல போட்டுப் பாருன்னு சொன்னாக."

"போட்டியா?"

"அத்தன ஆம்பளைகளுக்கு முன்னால போட்டேன். ரெண்டு வெரக்கடை பெருசு. அவுக திருஷ்டிச் செருப்புன்னு சொன்னா நானும் ஆமான்னுதான சொல்லணும்? சொல்லிட்டேன்." தம்ளரைக் கீழே வைத்தாள். "ஆனா மதினி, நம்ம வண்டியில எலுமிச்சம்பழமும் மொளகாயுந்தான் கட்டுவோம். செருப்பு எப்பக் கட்டுனோம்?"

லாரிக்காரர்கள் எல்லாரும் பழைய செருப்பைக் கட்டுகிறார்கள், அதைப் பார்த்து இவனும் கட்டியிருப்பான் என்றேன்.

"ஓடியிருக்கலாம்ல மதினி? ஜெயில்ல மனுப் போட்டுப் பாக்கும்போது கேட்டேன், ஏன் ஓடலன்னு. பதிலே சொல்ல மாட்டேங்காக."

எழுந்திருக்கும்போது நான் நொண்டுவதைப் பார்த்துவிட்டாள். வேண்டாம் வேண்டாம் என்றும் கேட்காமல், என் காலைத் தன் மடியில் தூக்கி வைத்து, ஊக்கை அடுப்பில் காட்டி, முள்ளை எடுத்தாள். ஒரு விரல் நீளம். வெள்ளை முள். உள்ளங்கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"பள்ளிக்கூடத்து வெறகுல குத்துச்சு" என்றேன்.

"இது ஒடமரத்து முள்ளு மதினி. ஆத்தங்கரையிலதான் கெடக்கும்" என்றாள். மஞ்சள் வைத்துக் கட்டிவிட்டு, தம்ளரைக் கழுவிக் கவிழ்த்து வைத்துவிட்டுப் போய்விட்டாள்.

செப்டம்பர் 2, செவ்வாய்

பிள்ளைகள் 64. என்னால் ஒரு வாய் சாப்பிட முடியவில்லை.

செப்டம்பர் 12, வெள்ளி

காளிராஜுக்கு ஜாமீன். இருபத்தைந்து நாள் கழித்து வெளியே வந்திருக்கிறான். தினமும் காலை பத்து மணிக்கு ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும் என்று நிபந்தனை. லைசென்ஸை வாங்கி வைத்துக்கொண்டார்கள்.

என்னைப் பார்க்க வருவான் என்று மாலை வரை காத்திருந்தேன். வரவில்லை. நானும் போகவில்லை. வழக்கு முடியும்வரை டிரைவரோடு பேச்சு வைத்துக்கொள்ளாதீர்கள் என்று வக்கீல் சொல்லியிருக்கிறார். அதனால்தான் போகவில்லை.

செப்டம்பர் 16, செவ்வாய்

இன்று ஒரு கண்கொள்ளாக் காட்சி பார்த்தேன். மாலை ஸ்டேஷன் பக்கமாகப் பஸ்ஸில் வந்தேன். போன வாரத்துத் தூறலில் டிரெய்லரில் இருந்த கரம்பை முளைத்துவிட்டது. கோரை, குப்பைமேனி எல்லாம் ஒரு சாண் உயரத்துக்கு நிற்கின்றன. என் வண்டி மேல் ஒரு குட்டிக் கண்மாய்! இறங்கி ஏட்டையாவிடம் கேட்டேன்.

"இப்பக் கம்மி டீச்சர். ஒங்க டிரைவர் தெனம் கையெழுத்துப் போட வரும்போது கருவேலத்தப் பூராம் புடுங்கிப் போடுறாரு. வேர் விட்டா தகரத்த அரிச்சிருமாம். பேட்டரியக் கழட்டி என் மேசைக்கு அடியில வச்சிருக்காரு. இங்க நிக்கிற வண்டியில பேட்டரி உள்ள ஒரே வண்டி ஒங்களுதுதான்."

நான் சொந்த ஆதாயம் என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்த ஆள் இவன்.

செப்டம்பர் 19, வெள்ளி

புரட்டாசி மூன்று. நேற்று நல்ல மழை. கரிசல் காடு பதமாகிவிட்டது. காலையிலிருந்து எங்கள் ஊர்க் காடுகளில் வேறொரு சிவப்பு டிராக்டர் உழுகிறது. பக்கத்து ஊர்க்காரனுடையது. ஒவ்வொருவராக வந்து, "தப்பா நெனைக்காதீக டீச்சர், பதம் போயிரும்ல" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். நான் எதைத் தப்பாக நினைக்க? என் இரண்டு ஏக்கருக்கும் அந்த வண்டியைத்தான் கூப்பிட வேண்டியிருந்தது. வரப்பில் நின்று வேறொருவன் உழுவதைப் பார்த்தேன்.

காளிராஜ் என்றால் வரப்போர மூலையில் வண்டியைத் திருப்பாமல் பின்னால் எடுத்து உழுவான். இவன் மூலையை அப்படியே விட்டுவிட்டுப் போய்விட்டான்.

செப்டம்பர் 24, புதன்

சிறப்புக் கோர்ட். காலை ஒன்பதரைக்குப் போய் மூன்று மணிக்குக் கூப்பிட்டார்கள். வக்கீல் இரண்டு நிமிடம் பேசினார். பிறகு அரசு வக்கீல் எழுந்து போலீஸ் அறிக்கையை வாசித்தார். அதில் காளிராஜ் கைதான அன்றே கொடுத்த வாக்குமூலம் இருந்தது. கடகடவென்று வாசித்துக்கொண்டே போனார். எனக்கு ஒவ்வொரு சொல்லும் தனித்தனியாகக் கேட்டது.

'வண்டியின் உரிமையாளர் ஜெயக்கொடி என்பவருக்கு இது பற்றி எதுவும் தெரியாது. நான் என் சொந்த முடிவில் மணல் அள்ளினேன். மணல் தெரியாமல் இருக்க மேலே கரம்பை பரப்பியது என் யோசனை. என்னுடன் யாரும் வரவில்லை. சம்பவ இடத்தில் கிடந்த செருப்பு வண்டியின் பின்புறம் கண் திருஷ்டிக்காகக் கட்டப்பட்டிருந்தது.'

கைதான அன்றே. அதாவது பதினெட்டாம் தேதி. நான் வக்கீல் ஆபீஸில் கையெழுத்துப் போட்டது இருபத்து மூன்றாம் தேதி. நான் அவன் மேல் பழி போடுவதற்கு ஐந்து நாளைக்கு முன்பே அவனாகவே எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டிருக்கிறான்.

நீதிபதி என்னைப் பார்த்து, "இனிமேல் வண்டியை யாரிடம் கொடுக்கிறோம் என்று பார்த்துக் கொடுங்கள் அம்மா" என்றார். சரி என்று தலையாட்டினேன். வண்டியைத் திருப்பிக் கொடுக்க உத்தரவு ஆகிவிட்டது.

வெளியே வந்ததும் வக்கீல் சிரித்தார். "இனிமே நீங்க நோட்டு எழுத வேண்டியதில்லம்மா. எல்லாம் டிரைவர் தலையோட போச்சு."

"அவனுக்கு என்ன ஆகும்?"

"சார்ஜ் ஷீட் போடுவாங்க, கேசு நடக்கும். அஞ்சு வருசம் வரைக்கும் தண்டனை உண்டு. அவ்வளவு போட மாட்டாங்க. வாக்குமூலம் அப்படி இருக்கு, என்ன செய்ய?"

பஸ்ஸில் டிக்கெட் வாங்க மறந்து, கண்டக்டர் இரண்டு தடவை கேட்டார். நினைத்த காரியம் ஜெயித்த பிறகு இப்படி ஆவேன் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

செப்டம்பர் 25, வியாழன்

நோட்டு தேவையில்லை என்று வக்கீல் சொல்லிவிட்டார். அதனால் இனிமேல் உள்ளதை எழுதலாம்.

பதினெட்டாம் தேதி காலை நான் காப்பி போட்டுக்கொண்டிருக்கவில்லை. டிராக்டரின் மட்கார்டு மேல் உட்கார்ந்திருந்தேன்.

மாடியில் ஓர் அறை கட்டுகிறேன். கொத்தனார் எம்-சாண்ட் போதும் என்றுதான் சொன்னார். பூச்சு வேலைக்கு ஆற்று மணல்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தது நான். காளிராஜ் வேண்டாம் என்றான். "இப்ப ரொம்பக் கெடுபிடியா இருக்கு யக்கா" என்றான். கரம்பைச் சீட்டு கையில் இருக்கும்போது என்ன பயம், மேலே ஒரு சாண் கரம்பையைப் பரப்பிவிடு என்றேன். அவன் யோசனை இல்லை, என் யோசனை. வண்டியில் பொம்பளை உட்கார்ந்திருந்தால் யாரும் சந்தேகப்பட மாட்டார்கள் என்று நானும் ஏறிக்கொண்டேன். ஈர மணல் வடியும் என்று எனக்குத் தோன்றவில்லை. அவனுக்குத் தோன்றியது. கொஞ்சம் உலரட்டும் என்று கெஞ்சினான். பள்ளிக்கூடத்துக்கு நேரமாகிறது என்று விரட்டியது நான்.

பின்னால் பைக் சத்தம் கேட்டதும் திரும்பிப் பார்த்தேன். காக்கி. காளிராஜ் வண்டியை நிறுத்தினான். அவன் முழுதாக நிறுத்துவதற்கு முன்பே நான் குதித்துவிட்டேன். முள்ளுக்காட்டுக்குள் ஓடினேன். இடது கால் செருப்பு அறுந்து விழுந்தது. குனிந்து எடுக்கக்கூட நிற்கவில்லை. "யாரோ ஓடுறான் பாரு" என்று ஒருவர் கத்தினார். "நாயி சார், நாயி. வேற யாரும் இல்ல, நான் மட்டுந்தான்" என்று காளிராஜ் கத்தியது எனக்குக் கேட்டது.

கேட்டுக்கொண்டே ஓடினேன்.

மீதி ஒற்றைச் செருப்பைப் பள்ளிக்கூடத்து அடுப்பில் போட்டேன். பேச்சியம்மா மூக்கு பொய் சொல்லவில்லை.

செப்டம்பர் 29, திங்கள்

வெள்ளிக்கிழமை இரண்டு ஜாமீன்தாரர்களைக் கூட்டிக்கொண்டு போய்ப் பத்திரம் கொடுத்து, ஆர்.சி. புத்தகத்தைக் கோர்ட்டில் ஒப்படைத்து வாங்கிய உத்தரவு நகலோடு இன்று ஸ்டேஷனுக்குப் போகும்போது பத்து மணி. மணலையும் மண்ணையும் இறக்கி ஸ்டேஷன் மூலையில் குவித்திருந்தார்கள்.

காளிராஜ் கையெழுத்துப் போட்டுவிட்டு வேப்பமரத்தடியில் நின்றான். ஆள் பாதியாகிவிட்டான். சட்டை தோளில் நிற்கவில்லை. வக்கீல் சொன்னதெல்லாம் மறந்துபோனது. பக்கத்தில் போனேன்.

"ஏன்டா ஓடல?"

அவன் ஏட்டையா காதில் விழுகிறதா என்று பார்த்துவிட்டு மெதுவாகச் சொன்னான். "ரெண்டு பேரும் ஓடுனா ரெண்டு பேரையும் வெரட்டுவாக யக்கா. ஒருத்தன் நின்னாத்தான் இன்னொருத்தர விடுவாக. ஒங்களுக்குச் செருப்பு வேற அந்து போச்சு. முள்ளுக்குள்ள எம்புட்டு தூரம் ஓடியிருப்பீக?"

நான் உத்தரவு நகலை மடித்தேன், பிரித்தேன்.

அதற்குள் ஏட்டையா கூப்பிட்டார். பெற்றுக்கொண்ட பொருள்களுக்குக் கையெழுத்து. வாசித்தார். "டிராக்டர் ஒண்ணு. டிரெய்லர் ஒண்ணு. பேட்டரி ஒண்ணு. ஜாக்கி ஒண்ணு. தூக்குவாளி ஒண்ணு. திருஷ்டிச் செருப்பு, இடது கால், ஒண்ணு."

திடுக்கிட்டு அவர் கையைப் பார்த்தேன். அவர் கையில் இல்லை. டிரெய்லரின் பின்கதவில் கம்பி வைத்துக் கட்டித் தொங்கவிட்டிருந்தார்கள். பச்சை வார், அடியில் நான் போட்ட ஊக்கு. என் செருப்பு.

"புடிக்கிறதுக்கு முன்னால வண்டி எப்படி இருந்துச்சோ அப்படியே போட்டோ எடுக்கணும்ல, அதான் கட்டச் சொன்னேன்" என்றார் ஏட்டையா. உத்தரவை எடுத்துக் காட்டினார். வழக்கு முடியும்வரை வண்டியை விற்கக்கூடாது, தோற்றத்தை மாற்றக்கூடாது, படத்தில் உள்ளபடியே கோர்ட் கேட்கும்போது கொண்டுவந்து நிறுத்த வேண்டும். நான்கு படங்கள் ஒட்டியிருந்தன. நாலாவது படத்தில் செருப்பு பளிச்சென்று தெரிந்தது.

'சரியாக உள்ளது, பெற்றுக்கொண்டேன்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

வேறு டிரைவர் வண்டியை எடுத்தான். நான் பின்னால் ஆட்டோவில் வந்தேன். ஊர் வரைக்கும் பன்னிரண்டு கிலோமீட்டர். என் செருப்பு முன்னால் ஆடிக்கொண்டே வந்தது.

அக்டோபர் 1, புதன், ஆயுத பூஜை

பள்ளி விடுமுறை. காலையிலேயே காளிராஜும் மாரீஸ்வரியும் வந்துவிட்டார்கள். நான் கூப்பிடவில்லை. வருடா வருடம் வருவது போல வந்தார்கள். அவன் வண்டியைக் கழுவினான். அவள் சந்தனம், குங்குமம், வாழைக்கன்று, பொரி எல்லாம் கொண்டுவந்திருந்தாள். ஸ்டேஷனில் ஆறு வாரம் நின்ற அழுக்கு, வாசலில் கறுப்பாக ஓடியது. தெருவே வந்து எட்டிப் பார்த்து, "வண்டி வந்துருச்சா டீச்சர், சாமி இருக்குய்யா" என்றது.

பின்கதவைத் துடைக்கும்போது செருப்பைக் கழற்றிவிடு என்று நான் சொன்னேன். வாய் தவறி வந்துவிட்டது. காளிராஜ் துணியை நிறுத்தாமல், "கெடக்கட்டும் யக்கா. போட்டோவுல இருக்கு. கழட்டுனா ஏன் கழட்டுனேன்னு கேப்பாக. கேசு முடியட்டும்" என்றான்.

கேசு எப்போது முடியும்? ஒவ்வொரு மாதமும் இவன் கூண்டில் ஏறி நிற்க வேண்டும். ஒவ்வொரு நாளும் நான் வாசலைத் திறந்தால் இது தொங்கும்.

மாரீஸ்வரி எஞ்சினுக்கும் விளக்குக்கும் டயருக்கும் பொட்டு வைத்தாள். பின்கதவுக்கு வந்தவள் செருப்பைக் கையில் பிடித்துப் பார்த்தாள். அந்த ஊக்கை ஒரு விரலால் தடவினாள். தேங்காய் உடைத்து, சூடம் காட்டி, நாலு சக்கரத்துக்கும் அடியில் எலுமிச்சம்பழம் வைத்தாயிற்று. வாசலில் இரண்டடி நகர்த்த லைசென்ஸ் எதற்கு என்று காளிராஜ் ஏறி ஸ்டார்ட் செய்தான். ஒரே கிளிக்கில் பிடித்துக்கொண்டது.

அப்போது மாரீஸ்வரி என் கையைப் பிடித்தாள். குரலை உயர்த்தவில்லை. கோபமாகக்கூடச் சொல்லவில்லை.

"நீங்களும் ஏறுங்க மதினி. அன்னைக்கி உக்காந்த எடத்துலயே உக்காருங்க."

அவளைப் பார்த்தேன். அவள் என் காலைப் பார்த்துக்கொண்டிருந்தாள். முள் எடுத்த இடம் ஆறிவிட்டது. செப்டம்பர் ஒன்றாம் தேதியே இவளுக்குத் தெரிந்திருக்கிறது. தெரிந்துகொண்டுதான் மஞ்சள் வைத்துக் கட்டிவிட்டாள். ஒரு மாதம் முழுக்க நானாகச் சொல்வேன் என்று பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள்.

காலில் கிடந்த செருப்பைக் கழற்றிவிட்டு ஏறினேன். மட்கார்டு சுட்டது. வண்டி நகர்ந்தது, எலுமிச்சம்பழம் நசுங்கியது, தெருவில் எல்லாரும் கையைத் தட்டினார்கள்.

அக்டோபர் 3, வெள்ளி

வக்கீல் ஆபீஸ் பெஞ்சில் உட்கார்ந்து எழுதுகிறேன். நேற்று முழுக்க யோசித்தேன். மகளிடம் போனில் எல்லாவற்றையும் சொன்னேன். அவள் கடைசிவரை கேட்டாள். பிறகு, "இருபத்தஞ்சு நாளாம்மா அந்த மாமா உள்ள இருந்தாக?" என்று மட்டும் கேட்டாள்.

உள்ளே வேறு கட்சிக்காரர் பேசிக்கொண்டிருக்கிறார். வக்கீல் என்ன சொல்வார் என்று எனக்குத் தெரியும். வண்டி திரும்பவும் ஸ்டேஷனுக்குப் போகும், வேலை போகும், சத்தியம் செய்து பொய் சொன்னதற்குத் தனியாக வழக்கு வரும். இதை அடுப்பில் போடுங்கள் என்பார். அடுப்பில் போட்டது ஒன்று போதும்.

அன்றைக்குச் சத்தியப் பிரமாணத்தில் போட்ட கையெழுத்து இரண்டாவது தடவைதான் சரியாக வந்தது. இதில் ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் இப்போது கையெழுத்துப் போட்டுவிட்டேன். எல்லாம் முதல் தடவையே சரியாக விழுந்திருக்கிறது.

குமாஸ்தா கூப்பிடுகிறார். நோட்டைக் கோர்ட்டில் கொடுக்கச் சொல்லி வக்கீலிடம் ஒப்படைக்க வேண்டும், அதனால் இத்துடன் நிறுத்துகிறேன்.